வாபஸ் என்னும் ஒரு சொல்: வங்கி வழக்குகளில் மனுவை மீட்டுக்கொள்வதும் மாற்றுப் பரிகாரம் தேடுவதும்

உயர்நீதிமன்றத்தில் ஒரு ரிட் மனு முடிவடைவதற்குப் பல வழிகள் உண்டு. அவற்றுள் மிகக் குறைந்த சொற்களில் முடிவது வாபஸ். வாதம் சிறிது நேரம் நடந்தபின், நீதிபதிகளின் கேள்விகள் எந்தப் பக்கம் சாய்கின்றன என்பதை உணர்ந்துகொண்ட மனுதாரரின் வழக்கறிஞர், சட்டப்படி கிடைக்கக்கூடிய பிற பரிகாரங்களை நாடும் உரிமையோடு மனுவை வாபஸ் பெற அனுமதி வேண்டுமென்று எழுந்து சொல்லி, வழக்குக் கட்டில் இரண்டு வரி எழுதிக் கையெழுத்திட, அதை ஏற்றுக்கொண்டு ஓர் ஆணை பிறக்கிறது. அடுத்த வழக்கின் எண்ணை அழைத்துவிடுகிறார்கள். வீட்டையோ பட்டறையையோ வங்கியிடம் அடமானம் வைத்துவிட்டு, அது ஏலத்துக்குப் போகாமல் காக்கப்படுமா என்ற ஒரே கவலையோடு பின்வரிசையில் நின்றுகொண்டிருந்த கட்சிக்காரருக்கு, தம் வழக்கு ஜயித்ததா தோற்றதா என்பதே விளங்குவதில்லை. வெளியே வந்தபின் "லிபர்ட்டி வாங்கியாச்சு" என்று வழக்கறிஞர் சொல்கிறார். அந்தச் சொல்லில் ஓர் ஆறுதல் இருப்பதாக அவர் எண்ணிக்கொண்டு ஊர் திரும்புகிறார்.

அந்த ஆறுதலுக்கு எவ்வளவு ஆதாரம் இருக்கிறது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் உத்தேசம். மனுவை வாபஸ் பெறுவது தோல்வியல்ல. பல சந்தர்ப்பங்களில் அதுவே விவேகமான காரியம். ஆனால் எந்த வாயிலுக்குப் போகப்போகிறோம், அந்த வாயில் இன்னும் எத்தனை நாள் திறந்திருக்கும், போய்ச் சேரும்வரை தலைக்கு மேல் என்ன நிழல் இருக்கிறது என்னும் இவற்றை எண்ணிப் பாராமல் பெறும் வாபஸ், கடனாளியைக் கையில் ஒரு காகிதத்தோடு நடுவீதியில் நிறுத்திவிடக் கூடியது என்பதே என் அபிப்பிராயம்.

இந்த விஷயத்தின் வேர் நூற்றைம்பது ஆண்டுகளுக்கும் முந்தியது. 1859-ஆம் ஆண்டின் சிவில் நடைமுறைச் சட்டத்தில் 97-ஆம் பிரிவாக இருந்து, 1882-ஆம் ஆண்டுச் சட்டத்தில் 373-ஆம் பிரிவாக மாறி, இன்று நடைமுறையில் உள்ள 1908-ஆம் ஆண்டுச் சட்டத்தில் 23-ஆம் கட்டளையின் முதல் விதியாக நிற்கும் ஏற்பாட்டின் சாரம் இதுதான்: வாதி தன் தாவாவை எப்போது வேண்டுமானாலும் கைவிடலாம், அதற்கு எவருடைய அனுமதியும் வேண்டியதில்லை; ஆனால் அதே விஷயத்தைப் பற்றி மறுபடியும் தாவா தொடுக்கும் உரிமையோடு கைவிட வேண்டுமானால், முறை சார்ந்த ஏதோ ஒரு குறையினால் அந்தத் தாவா தோற்றுப்போகும் என்றோ, வேறு போதிய காரணம் உண்டென்றோ நீதிமன்றத்தைத் திருப்திப்படுத்தி, அதன் அனுமதியைப் பெற வேண்டும். அனுமதியின்றிக் கைவிட்டவன் செலவுத்தொகைக்கும் உள்ளாகலாம். அதே விஷயத்துக்காக மீண்டும் படியேறவும் முடியாது. பல வாதிகள் இருக்கும்போது மற்றவர்களுடைய சம்மதமின்றி ஒருவர் மட்டும் விலகிக்கொள்ள நீதிமன்றம் அனுமதிக்கலாகாது என்றும் அந்த விதி சொல்கிறது. கணவன் கடன் வாங்க, மனைவி பிணை நிற்க, சகோதரன் தன் பங்கு நிலத்தையும் சேர்த்து எழுதிக்கொடுத்த கடன்களில் இந்தக் கடைசி நிபந்தனை வெறும் அலங்காரமல்ல.

இந்த அனுமதி கேட்டவர்க்கெல்லாம் கொடுக்கும் பிரசாதமல்ல என்பதை உச்சநீதிமன்றம் 2000-ஆம் ஆண்டில், வழக்கு மேல்முறையீட்டு நிலைவரை வந்தபின் வாதி வாபஸ் கேட்ட ஒரு விவகாரத்தில் எடுத்துரைத்தது. கீழ் நீதிமன்றத்தில் வாதி தோற்றதன் பலனை எதிர்க்கட்சி அடைந்திருக்கும் நிலையில், அவருடைய கையிலிருந்து அந்தப் பலனைப் பறித்து, ஆட்டத்தை ஆரம்பத்திலிருந்து ஆட அனுமதிப்பதற்கு முன் நீதிமன்றம் மிக்க எச்சரிக்கை காட்ட வேண்டும் என்பது அதன் கருத்து.

மேற்சொன்ன விதி தாவாக்களுக்கு உரியது. ரிட் மனுவுக்கு அது பொருந்துமா? 1987-ஆம் ஆண்டின் தீர்ப்புத் திரட்டுகளில் வெளியான சர்குஜா டிரான்ஸ்போர்ட் சர்வீஸ் வழக்கு இந்தக் கேள்விக்கு விடை கூறியது. பஸ் பெர்மிட் சம்பந்தமாக மத்தியப் பிரதேச உயர்நீதிமன்றத்தில் தொடுத்த மனுவை வாபஸ் பெற்றுக்கொண்டு, பின்னர் அதே விஷயத்துக்காகப் புதிய மனு போட்ட ஒரு நிறுவனத்தின் வழக்கு அது. நடைமுறைச் சட்டத்தின் விதி எழுத்தளவில் ரிட் மனுக்களைக் கட்டுப்படுத்தாவிட்டாலும், தமக்கு அனுகூலமான நீதிபதிகளைத் தேடி ஓடும் வழக்கத்தைத் தடுக்க வேண்டிய பொதுநலக் கொள்கையை முன்னிட்டு அதன் தத்துவத்தை நீட்டிக்க வேண்டும் என்று உச்சநீதிமன்றம் முடிவு செய்தது. உரிமை கேட்டு வைத்துக்கொள்ளாமல் வாபஸ் பெற்றவர், அரசியல் சாஸனத்தின் 226-ஆம் பிரிவின் கீழ் அதே காரணத்துக்காக மறுபடி வர முடியாது. ஆயினும் தாவா போன்ற வேறு பரிகாரங்கள் அவருக்கு மூடப்படுவதில்லை. ஒருவருடைய உடற்சுதந்திரம் சம்பந்தப்பட்ட மனுக்களுக்கு இந்தத் தடை இல்லை என்று விலக்கும் அளித்தது. இந்தத் தீர்ப்பைக் கூர்ந்து படிப்பவர்க்கு ஓர் உண்மை புலப்படும்: வாபஸில் அழிவது வந்த வழி மட்டுமே, சேர வேண்டிய இடமல்ல. உரிமை என்னும் அந்த மேல்வரி, வந்த வழியையும் அழியாமல் காப்பதற்கும், மற்ற வாயில்களில் எதிர்க்கட்சி கிளப்பக்கூடிய ஆட்சேபத்தை முன்கூட்டியே அடைப்பதற்கும் உதவுகிறது. இல்லாத பரிகாரம் ஒன்றை அது சிருஷ்டிப்பதில்லை. காலாவதியான உரிமைக்கு அது உயிர் கொடுப்பதுமில்லை.

இனி, வங்கிக்கு வருவோம். இன்று நம் நாட்டில் வங்கியை எதிர்த்து உயர்நீதிமன்றத்துக்கு வரும் மனுக்களில் பெரும்பகுதி 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டத்திலிருந்து பிறப்பவை. அடமானச் சொத்தைக் கைப்பற்றி விற்பதற்கு அதற்கு முன் வங்கியும் மற்றக் கடன்காரர்களைப் போலவே வழக்குத் தொடுத்து டிக்ரி வாங்க வேண்டியிருந்தது. 1993-இல் கடன் வசூல் தீர்ப்பாயங்கள் என்னும் தனி நியாயஸ்தலங்களை ஏற்படுத்தியும் வேகம் போதவில்லை என்ற எண்ணத்தில் பிறந்த 2002-ஆம் ஆண்டுச் சட்டம், நீதிமன்றத்தின் தலையீடின்றியே வங்கியின் அதிகாரி ஒருவர் சொத்தைச் சுவாதீனப்படுத்தி ஏலம் விடலாம் என்று இடம் கொடுத்தது.

சிவகாசியில் சிறு அச்சகம் ஒன்று நடத்துபவர், இயந்திரம் வாங்குவதற்காகத் தம் கட்டடத்தை அடமானம் வைத்துக் கடன் பெற்றிருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். தவணை 90 நாளுக்கு மேல் நிலுவையானதும் அந்தக் கணக்கை வாராக்கடன் என்று வங்கி வகைப்படுத்துகிறது. 13-ஆம் பிரிவின் இரண்டாம் உட்பிரிவின்படி, 60 நாளில் முழுத்தொகையும் கட்டச்சொல்லி டிமாண்ட் நோட்டீஸ் வருகிறது. அவர் ஆட்சேபம் எழுதினால் 15 நாளுக்குள் வங்கி காரணம் காட்டிப் பதில் தர வேண்டும். ஆனால் அந்தப் பதில் நியாயமற்றது என்பதற்காக மட்டும் அவர் அந்தக் கட்டத்தில் தீர்ப்பாயத்துக்குப் போக முடியாது. 60 நாள் கழிந்தபின் கட்டடத்தின் கதவில் பொசஷன் நோட்டீஸ் ஒட்டப்படுகிறது, ஒன்று உள்ளூர் மொழியிலாக இரண்டு பத்திரிகைகளில் விளம்பரம் வருகிறது, ஊரார் படிக்கிறார்கள். அந்த நாளிலிருந்து 45 நாளுக்குள் 17-ஆம் பிரிவின் கீழ் மதுரையிலுள்ள கடன் வசூல் தீர்ப்பாயத்தில் அவர் விண்ணப்பம் செய்துகொள்ளலாம். அங்கே போகாமல் அவர் பெரும்பாலும் ஓடுவது உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்கு. தீர்ப்பாயம் என்று ஒன்று இருப்பதே பலருக்குத் தெரிவதில்லை. தெரிந்தவர்க்கும், வங்கிகள் கடனை வசூலிப்பதற்கென்றே பெயர் சூட்டப்பட்ட ஓரிடத்தில் தமக்கு நியாயம் கிடைக்கும் என்ற நம்பிக்கை எளிதில் உண்டாவதில்லை. இந்த அவநம்பிக்கையைக் குற்றமாகக் கருத என்னால் இயலவில்லை.

ஆனால் உயர்நீதிமன்றத்தின் வாயில் ஆண்டுக்காண்டு குறுகிக்கொண்டே வந்திருக்கிறது. தனியார் வங்கி சாதாரணமாக ரிட் அதிகாரத்துக்கு உட்பட்டதல்ல என்பது 2003-இல் ஃபெடரல் பேங்க் வழக்கில் நிலைநாட்டப்பட்டது. 2010-இல், பிணை நின்ற ஒருவருடைய சொத்தின்மேல் நடவடிக்கை எடுக்கக்கூடாதென்று அலகாபாத் உயர்நீதிமன்றம் தடுத்ததை எதிர்த்து யுனைடெட் பேங்க் ஆஃப் இந்தியா தொடுத்த மேல்முறையீட்டில், சட்டமே முழுமையான பரிகாரம் ஒன்றை வகுத்திருக்கும்போது உயர்நீதிமன்றங்கள் அதைப் புறக்கணித்து இடைக்காலத் தடை வழங்குவது முறையன்று என்று உச்சநீதிமன்றம் கண்டிப்பாகவே கூறியது. 2018-இல் ஸ்டேட் பேங்க் ஆஃப் திருவாங்கூர் வழக்கிலும், 2023-இல் சவுத் இந்தியன் பேங்க் வழக்கிலும் அதே எச்சரிக்கை மீண்டும் ஒலித்தது. ஆகவே, இன்று மனுதாரரின் வழக்கறிஞர் எழுந்தவுடன் நீதிபதிகள் கேட்கும் முதற்கேள்வி, ஏன் தீர்ப்பாயத்துக்குப் போகவில்லை என்பதாகவே இருக்கிறது. அந்தக் கேள்விக்குத் தக்க விடை இல்லாத இடத்தில்தான் வாபஸ் பிறக்கிறது. குணதோஷங்களை ஆராய்ந்து மனு தள்ளுபடியானால், அந்த ஆராய்ச்சியில் சொல்லப்பட்ட ஒவ்வொரு வாக்கியமும் தீர்ப்பாயத்தில் கடனாளிக்கு எதிராக எடுத்துக்காட்டப்படும். வாபஸ் பெற்றாலோ எழுதாத பலகையோடு அங்கே போகலாம். இந்த அளவில் வழக்கறிஞரின் யோசனை சரியானதே.

சிக்கல் தொடங்குவது காலக் கணக்கில். அச்சக உரிமையாளரின் ரிட் மனு நான்கு மாதம் நிலுவையில் இருந்து வாபஸானது என்றால், 45 நாள் கெடு எப்போதோ முடிந்துபோயிருக்கும். உரிமையோடு வாபஸ் பெற்ற ஆணை அந்தக் கெடுவை நீட்டித்துவிட்டது என்று எண்ணுவது பெரும் பிழை. புதிய தாவாவின் காலவரம்பைக் கணக்கிடும்போது பழைய தாவா தொடுக்கப்படவே இல்லை என்பதுபோலக் கொள்ள வேண்டும் என்பது 23-ஆம் கட்டளையின் இரண்டாம் விதி. இந்தக் கடுமையைத் தணிப்பது 1963-ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு. தவறான நியாயஸ்தலத்தில், அது தவறானது என்று அறியாமல், நல்லெண்ணத்தோடும் சிரத்தையோடும் ஒருவர் அதே பரிகாரத்துக்காகப் போராடிய காலத்தை, அதிகார வரம்பின் குறையினாலோ அதைப் போன்ற பிறிதொரு காரணத்தினாலோ அந்த நியாயஸ்தலம் அவ்விஷயத்தை ஏற்க இயலாமற்போனால், கணக்கிலிருந்து கழித்துக்கொள்ளலாம் என்கிறது அந்தப் பிரிவு. அத்தகைய குறையினால் முதல் தாவா தோற்க வேண்டியது என்ற காரணத்தைக் காட்டி அனுமதி தரப்பட்டிருந்தால், வாபஸ் பெற்றவருக்கும் அந்தச் சலுகை உண்டு என்று அதன் மூன்றாம் உட்பிரிவு தெளிவாகவே கூறுகிறது.

காரணத்தைக் காட்டி என்ற அந்த நிபந்தனையில்தான் முழு விஷயமும் அடங்கியிருக்கிறது. வாபஸ் ஆணையில் காரணம் இல்லாமல், வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி என்று மட்டும் எழுதியிருந்தால், பின்னர் தீர்ப்பாயத்தில் 14-ஆம் பிரிவைக் கோரும் கடனாளியைப் பார்த்து, நீரே விரும்பிக் கைவிட்டுவிட்டு இப்போது நீதிமன்றம் ஏற்க மறுத்தது என்று எப்படிச் சொல்கிறீர் என வங்கியின் வழக்கறிஞர் கேட்பார். அந்தக் கேள்வியில் வலிமை இருக்கிறது. சட்டத்தில் மாற்றுப் பரிகாரம் இருப்பதால் இம்மனு இங்கே நிலைக்காது என்று சுட்டிக்காட்டப்பட்டதன்பேரில் அந்தப் பரிகாரத்தை நாடுவதற்காக வாபஸ் பெறப்படுகிறது என்றும், மனு தாக்கலான நாள், முடிந்த நாள் இரண்டும் இவை என்றும் ஆணையில் ஒரு வாக்கியம் கூடுதலாக இருந்துவிட்டால், அதே கேள்விக்கு விடை ஆணையிலேயே இருக்கும். ஒரு வாக்கியத்தின் இருப்பும் இல்லாமையும் ஒரு குடும்பத்தின் கூரையை நிர்ணயிப்பதைக் காணும்போது, இதனை வழக்கறிஞர்கள் பழக்கத்தின் வேகத்தில் விட்டுவிடலாகாது என்று மன்றாடிக் கேட்டுக்கொள்ளத் தோன்றுகிறது.

காலத்துக்கு அடுத்தபடி நிழல். மனு நிலுவையில் இருந்தவரை, கடன் தொகையில் ஒரு பகுதியைக் கட்ட வேண்டும் என்ற நிபந்தனையோடு ஏலத்துக்கு இடைக்காலத் தடை இருந்திருக்கலாம். பிரதான மனு போனதும் அந்தத் தடையும் அதனோடு போய்விடும்; மரம் சாய்ந்தபின் நிழலைத் தேடிப் பயனில்லை. வாபஸான மறுநாளே வங்கி மாவட்ட ஆட்சியரிடமோ தலைமை நீதித்துறை நடுவரிடமோ சர்ஃபாசி சட்டத்தின் 14-ஆம் பிரிவின் கீழ் நேரடிச் சுவாதீனத்துக்கு உதவி கேட்டு நகரலாம். ஏல விளம்பரமும் வெளியிடலாம். அந்த விளம்பரம் எவ்வளவு பெரிய எல்லைக்கோடு என்பது பலருக்குத் தெரியாது. முழுத்தொகையையும் செலவுகளோடு கட்டிச் சொத்தை மீட்டுக்கொள்ளும் உரிமை முன்பு விற்பனைக்குக் குறித்த நாள்வரை இருந்தது. 2016-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப்பின், பொது ஏலத்துக்கான அறிவிப்பு வெளியாகும் நாளுக்கு முன்பே அந்த உரிமையைப் பயன்படுத்திவிட வேண்டும். 2023-இல் செலிர் வழக்கில் உச்சநீதிமன்றம் இந்த எல்லையைக் கண்டிப்பாகவே வலியுறுத்தியது. ஆகவே வாபஸ் கேட்கும் அதே மூச்சில், தீர்ப்பாயத்தை அணுகும் வரையில் இரண்டு வாரமோ நான்கு வாரமோ தற்போதைய நிலை தொடர வேண்டும் என்று கேட்பது அவசியம். நீதிமன்றம் மறுத்தாலும் மறுக்கலாம். கேட்காதவர்க்கு அது கிடைக்க வழியே இல்லை.

நிபந்தனைப்படி கட்டிய பணத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. அது கடன் கணக்கில் வரவு வைக்கப்பட்டதா, தனிக் கணக்கில் நிற்கிறதா, எந்தத் தேதியில் வட்டிக் கணக்கில் கழிக்கப்பட்டது என்பவற்றை வாபஸுக்கு முன்பே வங்கியிடம் எழுத்தில் பெற்றுக்கொள்ள வேண்டும்.

தீர்ப்பாயத்தின் வாயிலைப் பொறுத்தவரை நம்பிக்கைக்கு இடமுண்டு என்றே கருதுகிறேன். ஆதியில் விண்ணப்பம் செய்வதற்கே கோரப்பட்ட தொகையில் 75 சதவீதம் கட்ட வேண்டும் என்றிருந்த கொடுமையை 2004-இல் மார்டியா கெமிகல்ஸ் வழக்கில் உச்சநீதிமன்றம் அரசியல் சாஸனத்துக்கு விரோதமானதென்று நீக்கியது. வங்கி விதிகளை மீறியிருந்தால் சுவாதீனத்தைத் திருப்பித் தரச்செய்யும் அதிகாரம் தீர்ப்பாயத்துக்கு உண்டு. விண்ணப்பத்தை 60 நாளில், மிஞ்சிப்போனால் நான்கு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. அங்கே தோற்று மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போவதென்றால்தான் பாதித் தொகையைக் கட்ட வேண்டும். காரணம் காட்டினால் அதைக் கால்பங்காகக் குறைக்கலாம், அதற்குக் கீழ் குறைக்க முடியாது. இந்த நிபந்தனை சிறு தொழில் செய்பவரைப் பெரும்பாலும் முதல் தீர்ப்போடு நிறுத்திவிடுகிறது.

இரண்டாவது வாயில் வங்கியே. மனுவை வாபஸ் பெறுவோர் பலர் உண்மையில் நாடுவது இன்னொரு நியாயஸ்தலத்தை அல்ல, ஓ.டி.எஸ். என்று வங்கிக்காரர்களும் கடனாளிகளும் ஒருங்கே வழங்கும் ஒருமுறைத் தீர்வையே. கிளை மேலாளரோ வட்டார அலுவலகமோ, முதலில் கேஸை வாபஸ் வாங்குங்கள், பிறகு பேசலாம் என்று சொல்வதுண்டு. வழக்கு நிலுவையில் இருக்கும்போது பேச்சுவார்த்தை நடத்தக்கூடாதென்று சட்டம் எங்கும் தடுக்கவில்லை. எழுத்தில் ஒன்றும் தராமல் வாய்மொழியாகச் சொல்லப்படும் அந்த வார்த்தையை நம்பி மனுவைக் கைவிடுவது ஆபத்தான காரியம். ஏனெனில் ஒருமுறைத் தீர்வு கடனாளியின் உரிமையல்ல. அதை வழங்கும்படி வங்கிக்கு ஆணையிட முடியாது என்று பிஜ்னோர் நகரக் கூட்டுறவு வங்கியின் வழக்கில் 2021 டிசம்பரில் உச்சநீதிமன்றம் தீர்மானமாகக் கூறிவிட்டது. ஒப்புக்கொண்ட தீர்வின் தவணைக் காலத்தை நீதிமன்றம் நீட்டிக்க முடியாது என்பது 2022-இல் ஸ்டேட் பேங்க் தொடுத்த வழக்கில் வந்த முடிவு. ரிசர்வ் வங்கி வகுத்த வழிகாட்டு நெறிகளின்படி பொதுவான ஒரு திட்டம் இருக்குமானால் அதைப் பாரபட்சமின்றி அனுசரிக்க வேண்டும் என்று 2009-இல் பஞ்சாப் அண்ட் சிந்து வங்கி வழக்கில் சொல்லப்பட்டதும் உண்டு. ஆயினும் அந்தப் பிடிமானம் மெல்லியது.

ஆதலால் முறை இதுவாக இருக்க வேண்டும்: தொகை, தவணைகள், கடைசித் தேதி, தவறினால் விளைவு, பத்திரங்களைத் திருப்பும் நாள் ஆகியவை அடங்கிய ஒப்புதல் கடிதம் முதலில் கைக்கு வர வேண்டும், அதை நீதிமன்றத்தின் பார்வைக்கு வைத்து, அதன் நிபந்தனைகளைப் பதிவு செய்துகொண்டு மனு முடிக்கப்பட வேண்டும். ரகசியமாக ஒன்று பேசிக்கொண்டு பகிரங்கமாக வெறும் வாபஸ் எழுதிக்கொடுத்தவருக்கு, வங்கி பின்வாங்கினால் காட்டுவதற்கு ஒன்றுமில்லை. தீர்வு கோரி எழுதும் கடிதம் கடனை ஒப்புக்கொண்டதாகக் கருதப்பட்டு, காலவரம்புச் சட்டத்தின் 18-ஆம் பிரிவின்படி வங்கிக்குப் புதிய காலவரம்பைத் தரக்கூடும் என்பதையும், தொகையைக் குறைத்துத் தீர்த்துக்கொண்ட கணக்கு, கடன் தகவல் ஏட்டில் முழுமையாக முடிந்ததாக அல்லாமல் "செட்டில்டு" என்றே குறிக்கப்பட்டு அடுத்த கடனுக்கு இடைஞ்சலாக நிற்கும் என்பதையும் கடனாளி முன்னரே அறிந்திருக்க வேண்டும்.

வாபஸுக்கும் தீர்ப்புக்கும் இடையே நிற்கும் ஆணை வகை ஒன்றும் உண்டு; மனுதாரரின் விண்ணப்பத்தை இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்க வேண்டும் என்று வங்கிக்குச் சொல்லி மனுவை முடித்துவைப்பது அது. வெறும் வாபஸைவிட இது மேலானது போலத் தோன்றும். பரிசீலிக்க வேண்டும் என்பதற்கு அனுமதிக்க வேண்டும் என்று பொருளில்லை. வங்கி மூன்று வரியில் மறுத்து எழுதிவிட்டால் ஆணை நிறைவேறிவிட்டது. 2008-இல் ஓர் அரசு ஊழியரின் வழக்கில் உச்சநீதிமன்றம் விளக்கியபடி, இவ்வாறு பெறப்படும் மறுப்புக் கடிதம் செத்துப்போன உரிமைக்குப் புதிய பிறந்தநாள் ஆகாது.

மூன்றாவது வாயில் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளர். இவ்விஷயத்தில் மனுவை வாபஸ் பெறுவது விருப்பத்தைப் பொறுத்ததன்று, இன்றியமையாதது. 1995-இல் வங்கிகளுக்கென ஆரம்பித்து, பல திருத்தங்களுக்குப்பின் 2021 நவம்பரில் ஒருங்கிணைந்த திட்டமாக உருவெடுத்த இந்த ஏற்பாட்டின்படி, அதே காரணத்தைப் பற்றி நீதிமன்றத்தில் வழக்கு நிலுவையில் இருந்தால் முறையீட்டை ஏற்கமாட்டார்கள். நீதிமன்றம் குணதோஷம் ஆராய்ந்து முடிவு செய்துவிட்டாலும் ஏற்கமாட்டார்கள். குணதோஷம் ஆராயாமல் வாபஸான மனு இவ்விரண்டிலும் அடங்காது. வாபஸ் என்பது பரிகாரத்தின் கதவை மெய்யாகவே திறந்துவிடும் இடம் இதுவே. ஆனால் முதலில் வங்கிக்கே எழுத்து மூலம் முறையிட்டு 30 நாள் காத்திருக்க வேண்டும். பதில் வந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் குறைதீர்ப்பாளரிடம் போக வேண்டும். வழக்கறிஞர் மூலமாக அன்றித் தாமாகவோ வேறு பிரதிநிதி மூலமாகவோ போக வேண்டும். ரிட் மனுவில் 40 பக்கம் எழுதியவர், வங்கிக்கு ஒரு பக்கம் எழுதியிருக்கமாட்டார். அவர் அந்த ஒரு பக்கத்திலிருந்துதான் ஆரம்பிக்க வேண்டும். 2021-ஆம் ஆண்டுத் திட்டத்தின்படி நஷ்டத்துக்காக 20 லட்சம் ரூபாய் வரையிலும், மன உளைச்சலுக்கும் அலைச்சலுக்குமாக மேலும் ஒரு லட்சம் வரையிலும் வழங்கலாம்.

கடன் கொடுப்பதா, தொகையைக் குறைப்பதா என்பவை வங்கியின் வணிக முடிவுகள். அவற்றில் குறைதீர்ப்பாளர் தலையிடுவதில்லை. சேவைக் குறைபாடுகளே அவர் எல்லை. கணக்கிலிருந்து மின்னணு வழியில் பணம் திருடப்பட்டவர்களுக்கு இந்த வாயில் பொருத்தமானது. வங்கியின் தவறின்றியும் தம் தவறின்றியும் மூன்றாம் மனிதரால் நேர்ந்த மோசடியை, தகவல் கிடைத்து மூன்று வேலைநாளுக்குள் தெரிவித்தவருக்குப் பொறுப்பே இல்லை என்றும், வாடிக்கையாளரின் பொறுப்பை நிரூபிக்கும் பாரம் வங்கியைச் சேர்ந்தது என்றும் ரிசர்வ் வங்கி 2017 ஜூலை 6-ஆம் தேதிச் சுற்றறிக்கையில் விதித்திருக்கிறது. இத்தகையவர் ஆண்டுக்கணக்கில் ரிட் மனுவைச் சுமந்துகொண்டிருப்பதைவிட, அதை வாபஸ் பெற்று இங்கே வருவது நலம்.

நுகர்வோர் ஆணையமும் ஒரு வாயிலே. இரண்டாண்டுக் காலவரம்பும், வணிக நோக்கத்துக்காகச் சேவை பெற்றவர் நுகர்வோர் ஆகார் என்ற விலக்கும் அங்கே குறுக்கே நிற்கும். லோக் அதாலத்தில் சமரசமானால் அது டிக்ரிக்குச் சமம், மேல்முறையீடும் இல்லை. சிவில் தாவாவையோ மேல்முறையீட்டையோ வங்கியோடு சமாதானமாகி முடித்துக்கொள்பவர்களுக்கு ஒரு நற்செய்தி உண்டு: நீதிமன்றம் அனுப்பிவைக்காமல் கட்சிக்காரர்கள் தாங்களாகவே வெளியில் பேசித் தீர்த்துக்கொண்டாலும் கட்டிய கோர்ட்டுக் கட்டணம் முழுவதையும் திரும்பப் பெறலாம் என்று, தமிழ்நாட்டின் 1955-ஆம் ஆண்டுக் கட்டணச் சட்டத்தின் 69-ஏ பிரிவைப் பொருள்கொண்டு, சென்னை உயர்நீதிமன்றமே மேல்முறையீடு செய்த ஒரு வழக்கில் உச்சநீதிமன்றம் 2021 பிப்ரவரியில் கூறியிருக்கிறது.

இவ்வளவையும் ஆராய்ந்தபின் என் மனத்தை உறுத்துவது ஒன்றுண்டு. கடனாளி ஒரு வாயிலுக்குப் போக இன்னொன்றைக் கைவிட வேண்டும். வங்கிக்கோ அந்த நிர்ப்பந்தம் இல்லை. தீர்ப்பாயத்தில் தான் தொடுத்த வசூல் வழக்கை வாபஸ் பெறாமலேயே 2002-ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ்ச் சொத்தைக் கைப்பற்றலாம் என்று 2006-இல் டிரான்ஸ்கோர் வழக்கில் முடிவாயிற்று. இரண்டும் ஒன்றுக்கொன்று துணையான பரிகாரங்கள், ஆகையால் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டிய அவசியமில்லை என்பது அங்கே சொல்லப்பட்ட நியாயம். பொதுமக்களின் வைப்புநிதியைக் காப்பாற்ற வங்கிக்கு வேகம் தேவை என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் இரண்டு கையாலும் பிடிக்க ஒரு தரப்புக்கு அனுமதி இருக்கும்போது, ஒரு கையை விட்டுவிட்டு மறு கையை நீட்டும் மற்றத் தரப்பு நடுவில் விழுந்துவிடாதபடி பார்த்துக்கொள்வது சட்டத்தின் கடமை. உயர்நீதிமன்றத்தில் நல்லெண்ணத்தோடு கழிந்த நாட்களை 45 நாள் கெடுவிலிருந்து நீக்க வேண்டும் என்று 17-ஆம் பிரிவிலேயே வெளிப்படையாக ஒரு வரி சேர்ப்பதும், மாற்றுப் பரிகாரத்துக்காக வாபஸாகும் மனுவில் குறுகியகாலப் பாதுகாப்பைச் சாதாரண நியதியாகக் கொள்வதும் வங்கிகளுக்கு எந்தப் பெரிய நஷ்டத்தையும் உண்டாக்கமாட்டா. அதுவரையில் பொறுப்பு முழுவதும் அந்த இரண்டு வரியை எழுதும் வழக்கறிஞரின் பேனாவில் இருக்கிறது. தவறுதலாக எழுதிக்கொடுத்த வாபஸைத் தன் உள்ளார்ந்த அதிகாரத்தால் நீதிமன்றம் திரும்ப எடுத்துக்கொள்ளலாம் என்று 2006-இல் ஒரு தீர்ப்பு உண்டெனினும், அது விபத்துக்குப்பின் நாடும் வைத்தியம்.

கடைசியாக, வங்கியோடு தீர்வு கண்டு மனுவை முடித்துக்கொண்டவர் அத்தோடு எல்லாம் தீர்ந்ததென்று இருந்துவிடக்கூடாது. முழுத்தொகையும் கட்டப்பட்ட அல்லது தீர்க்கப்பட்ட 30 நாளுக்குள் மூலப்பத்திரங்களைத் திருப்பித் தந்து, பதிவு செய்த பொறுப்பையும் நீக்க வேண்டும் என்றும், வங்கியின் காரணத்தால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் கடனாளிக்குத் தர வேண்டும் என்றும் ரிசர்வ் வங்கி 2023 செப்டம்பரில் பணித்து, அவ்வாண்டு டிசம்பர் முதல் தேதியிலிருந்து அமலாக்கியிருக்கிறது. பத்திரம் கைக்கு வந்தாலும், சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவான அடமானத்துக்கு ரசீது ஆவணம் பதிவாகாதவரை, அச்சக உரிமையாளரின் கட்டடத்துக்கு எடுக்கும் வில்லங்கச் சான்றிதழில் வங்கியின் பெயர் இருந்துகொண்டே இருக்கும். பிற்காலத்தில் அவருடைய மகனோ மகளோ அந்த இடத்தை விற்கப் போகும்போது, வாங்க வருபவர் விரலை வைத்து நிறுத்தும் வரி அதுவாக இருக்கும்.